இனப்படுகொலை ஏன் நடக்கிறது, எப்படித் தடுப்பது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சென்னையில் ஞாயிற்றுக்கிழமைகளில் கூடும் ஒரு சிறிய வாசகர் வட்டத்தில் உலக வரலாறு பேசுகிறோம். எந்தத் தலைப்பில் தொடங்கினாலும் பேச்சு ஆப்பிரிக்காவின் ருவாண்டாவைத் தொட்டு முள்ளிவாய்க்காலில் வந்து நிற்கும். கேட்கப்படும் சந்தேகங்களும் பெரும்பாலும் அதேதான். ஒவ்வொரு முறையும் முதலிலிருந்து சொல்வதற்குப் பதிலாக, கேட்டவர்கள் கேட்ட வார்த்தையிலேயே கேள்விகளை வைத்து இங்கே தொகுத்திருக்கிறேன்.

எத்தனை பேர் செத்தா இனப்படுகொலைன்னு சொல்லலாம்?

எண்ணிக்கைக்குக் கணக்கே கிடையாது. 1948 டிசம்பர் 9 அன்று ஐ.நா. பொதுச்சபை ஏற்ற உடன்படிக்கை பார்ப்பது நோக்கத்தை. தேசிய, இன, நிற, மத அடிப்படையிலான ஒரு குழுவை முழுதாகவோ பகுதியாகவோ அழித்துவிட வேண்டும் என்ற நோக்கம் இருந்ததா என்பதுதான் கேள்வி. அந்த நோக்கத்தோடு செய்யப்படும் ஐந்து செயல்களை உடன்படிக்கை சொல்கிறது: கொல்வது, உடலுக்கோ மனதுக்கோ கடுமையான தீங்கு செய்வது, பிழைத்திருக்க முடியாத வாழ்நிலையை வேண்டுமென்றே உண்டாக்குவது, பிள்ளைப்பேற்றைத் தடுப்பது, பிள்ளைகளைப் பிடுங்கி வேறு குழுவிடம் ஒப்படைப்பது. சோறு, தண்ணீர், மருந்தை மறித்தே ஒரு குழுவை அழிக்க முடியும் என்பதை இதை எழுதியவர்கள் நன்றாகத் தெரிந்துதான் எழுதினார்கள்.

அதனால்தான் 1995 ஜூலையில் போஸ்னியாவின் சரேப்ரெனிட்சாவில் 8,000-க்கும் மேற்பட்ட முஸ்லிம் ஆண்களும் சிறுவர்களும் போஸ்னிய செர்பியப் படையால் கொல்லப்பட்டது இனப்படுகொலை என்று நீதிமன்றத்தில் நிரூபணமானது. அதைவிடப் பல மடங்கு பேர் மாண்ட போர்கள் அந்தப் பட்டியலில் இல்லை.

அப்போ கலவரத்துக்கும் இதுக்கும் என்ன வித்தியாசம்? ரெண்டுலயும் சாவுதானே?

கலவரம் என்று செய்தி வந்தால் நான் முதலில் தேடுவது, கூட்டத்தின் கையில் பட்டியல் இருந்ததா என்பதைத்தான். 1983 ஜூலையில் கொழும்பில் தமிழர் வீடுகளைத் தேடி வந்தவர்கள் வாக்காளர் பட்டியலோடு வந்தார்கள். 1984 நவம்பரில் டெல்லியில் சீக்கியர் வீடுகளுக்குப் போனவர்களிடமும் பட்டியல் இருந்ததைப் பிழைத்தவர்கள் சொன்னார்கள். அங்கே அரசுக் கணக்கிலேயே 2,733 பேர் இறந்தார்கள். ஆத்திரத்தில் தெருவுக்கு ஓடி வருபவன் கையில் வாக்காளர் பட்டியல் இருக்காது. அதை யாரோ எடுத்துக் கொடுத்திருக்க வேண்டும்.

இப்படி ஏற்பாடு செய்த எல்லா வன்முறையும் சட்டப்படி இனப்படுகொலை ஆகிவிடாது. ஆனால் ‘மக்கள் கோபம் பொங்கிவிட்டது’ என்ற கதை அங்கேயே உடைந்துவிடுகிறது.

காலங்காலமா இருக்கிற பகைதானே சார் காரணம்?

இதுதான் மிகப் பரவலான தப்பு. பகை நூற்றாண்டுக் கணக்கில் இருந்தது என்றால், ருவாண்டாவில் கொலை ஏன் 1994-ன் அந்தக் குறிப்பிட்ட 100 நாளில் நடந்தது?

அங்கே ஹுட்டு, டுட்சி என்ற இரு பிரிவினருக்கும் ஒரே மொழி, ஒரே தேவாலயம், ஒரே ஊர். கொடுக்கல் வாங்கல், கல்யாணம் எல்லாம் உண்டு. இரண்டு பிரிவும் பழையவைதான் என்றாலும், 1930-களில் பெல்ஜியக் காலனி அரசு அடையாள அட்டையில் இன்னார் ஹுட்டு, இன்னார் டுட்சி என்று அச்சடித்துக் கொடுத்ததும் கோடு இறுகிப் போனது. அறுபது வருடம் கழித்து சாலைத் தடுப்புகளில் அதே அட்டையைப் பார்த்துத்தான் யாரைக் கொல்வது என்று முடிவு செய்தார்கள்.

இடையில் என்ன நடந்தது? 1980-களின் கடைசியில் காபி விலை சரிந்து நாடு கடனில் விழுந்தது. 1990 அக்டோபரில் அகதிகளாக வெளியே வளர்ந்த டுட்சிகளின் படை உகாண்டாவிலிருந்து உள்ளே வந்தது. 1993 ஆகஸ்டில் அந்தப் படையோடு செய்த அருஷா ஒப்பந்தப்படி ஆட்சியைப் பங்கு போட வேண்டியதாயிற்று. அதிபரைச் சுற்றியிருந்த ஹுட்டு கூட்டத்துக்கு நாற்காலி போகும் பயம். 1994 ஏப்ரல் 6 இரவு அதிபரின் விமானம் சுட்டு வீழ்த்தப்பட்டது. சில மணி நேரத்தில் தலைநகரில் தடுப்புகள் முளைத்தன, பட்டியலில் இருந்தவர்கள் முதலில் கொல்லப்பட்டார்கள். மிதவாத ஹுட்டு பிரதமரும் அவர்களில் ஒருவர். கொல்லப்பட்டவர்கள் பெரும்பாலும் டுட்சிகள், ஐ.நா. கணக்கில் மொத்தம் சுமார் 8 லட்சம் பேர். 10 லட்சத்துக்கும் மேல் என்கிறது ருவாண்டா அரசு. பகை என்பது கிடைத்த சரக்குதான். அதை எடுத்துப் பயன்படுத்தியது, ஆட்சியை விடமாட்டேன் என்று முடிவெடுத்த ஒரு சிறிய கூட்டம்.

படிப்பறிவு இல்லாததாலதான் இப்படியெல்லாம் நடக்குதா?

இல்லை. 1942 ஜனவரி 20 அன்று பெர்லின் பக்கத்தில் வான்சீ ஏரிக்கரை மாளிகையில் யூதர்களை ஒழிக்கும் வேலையை யார் யார் எப்படிச் செய்வது என்று பேச 15 நாஜி அதிகாரிகள் கூடினார்கள். அதில் பாதிக்கு மேல் டாக்டர் பட்டம் வாங்கியவர்கள். ரயில் அட்டவணை, சட்ட நுணுக்கம், துறைகளுக்கிடையே ஒருங்கிணைப்பு இதெல்லாம் படித்தவர்கள் இல்லாமல் நடக்கிற காரியமா?

சரி, மேல உள்ளவன் உத்தரவு போடுறான். பக்கத்து வீட்டுக்காரன் எப்படிக் கத்தியை எடுக்கிறான்?

1942 ஜூலை 13, போலந்தின் யூசெஃபூஃப் என்ற சிற்றூர். ஜெர்மனியின் ஹாம்பர்க்கிலிருந்து வந்த 101-வது ரிசர்வ் போலீஸ் படை, சுமார் 500 பேர். பெரும்பாலும் நடுத்தர வயதுக் குடும்பஸ்தர்கள், கப்பல்துறைத் தொழிலாளி, லாரி டிரைவர், குமாஸ்தா மாதிரி ஆட்கள். விடியற்காலையில் தளபதி அவர்களை வரிசையில் நிறுத்தி, ஊரில் உள்ள யூதப் பெண்கள், குழந்தைகள், முதியவர்களைச் சுட வேண்டும் என்றார். குரல் தழுதழுத்தது. மனம் ஒப்பாத மூத்த வயதினர் விலகிக்கொள்ளலாம் என்றும் சொன்னார். அந்த இடத்தில் விலகியவர்கள் பத்துப் பன்னிரண்டு பேர். மறுத்தால் சுட்டுக் கொன்றிருப்பார்கள் என்ற சமாதானம் இங்கே செல்லாது, ஏனென்றால் விலகியவர்களுக்கு ஒன்றுமே ஆகவில்லை. மற்றவர்கள் அன்று சுமார் 1,500 பேரைக் கொன்றார்கள்.

போருக்குப் பின் விசாரணையில் அவர்கள் சொன்ன காரணங்களைப் படித்தால், வெறுப்பைவிடக் கூச்சம்தான் அதிகம் தெரிகிறது: கூட இருப்பவன் முன்னால் கோழையாகத் தெரியக்கூடாது, தான் விலகினால் அந்த வேலை கூட்டாளி தலையில் விழும். ருவாண்டாவில் இதோடு ஆதாயமும் சேர்ந்தது: செத்தவனின் நிலம், மாடு, வீட்டுக் கூரைத் தகரம். அங்கே கொல்லப் போவதை ‘வேலைக்குப் போவது’ என்றே சொன்னார்கள். உத்தரவு, கூட்டாளி முன் கூச்சம், கொள்ளை, தண்டனை வராது என்ற தைரியம் நான்கும் சேர்ந்தால் வில்லன் தேவைப்படுவதில்லை.

வாய்ப்பேச்சுதானே, பேசிட்டுப் போகட்டுமே? பேச்சு ஆளைக் கொல்லுமா?

திட்டுவது வேறு, இது வேறு. ருவாண்டாவில் ஆர்.டி.எல்.எம். என்ற வானொலி 1993-ல் தொடங்கியது. நல்ல பாட்டு, நையாண்டி, தெருப்பேச்சு என்று இளைஞர்கள் விரும்பிக் கேட்டார்கள். அந்தச் சிரிப்புக்கு நடுவே டுட்சிகளைக் கரப்பான்பூச்சி என்றது. 1994 ஏப்ரலில் அதே குரல்கள் பெயர், முகவரி, வண்டி எண் சொல்லி ஆளைக் காட்டிக்கொடுத்தன. ஐ.நா. தீர்ப்பாயம் 2003-ல் வானொலியின் நிறுவனர் இருவரையும் ஒரு பத்திரிகை ஆசிரியரையும் தண்டித்தது. 2007 மேல்முறையீட்டில் தண்டனைக் காலம் குறைந்தது, ஆனால் மூவருமே குற்றவாளிகள்தான்.

கரப்பான்பூச்சி வகைப் பேச்சு எல்லோர் கண்ணிலும் படும். என்னைக் கேட்டால் அதைவிட ஆபத்தானது ‘நாம முந்தலைன்னா அவங்க நம்மை முடிச்சிருவாங்க’ என்ற பேச்சு. வெறுப்பு இல்லாதவனுக்குக்கூடப் பிள்ளைகுட்டி பற்றிய பயம் உண்டு. கொலையைத் தற்காப்பு என்று நம்ப வைப்பது அந்த வாக்கியம்தான்.

முன்கூட்டியே கண்டுபிடிக்க முடியுமா, இல்ல எல்லாம் முடிஞ்சப்புறம்தான் தெரியுமா?

பெரும்பாலும் தெரிந்தே இருக்கிறது. 1994 ஜனவரி 11 அன்று ருவாண்டாவின் ஐ.நா. படைத் தளபதி ரோமியோ டாலேர் நியூயார்க்குக்குத் தந்தி அனுப்பினார்: ஆயுதக் கிடங்கு இருக்கிறது, டுட்சிகளைப் பதிவு செய்து பட்டியல் எடுக்கிறார்கள், கிடங்கைச் சோதனையிடப் போகிறேன். வேண்டாம் என்று பதில் வந்தது. கொலை தொடங்க இன்னும் மூன்று மாதம் இருந்தது.

கவனிக்க வேண்டியவை என்று நான் நினைப்பவை: முன்பு நடந்த வன்முறைக்கு யாரும் தண்டிக்கப்படாமல் இருப்பது, அரசியல் நெருக்கடி அல்லது போர், ஆளும் தரப்புக்கு ஆதரவான தனியார் படைகள், அப்புறம், குடியுரிமையில் கை வைப்பது. கடைசியைக் குறைத்து எடை போடுகிறோம். மியான்மர் 1982-ல் சட்டம் மாற்றி ரோஹிங்கியா முஸ்லிம்களை நாடற்றவர்கள் ஆக்கியது. 35 வருடம் கழித்து, 2017 ஆகஸ்டு முதல் 7 லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் வங்கதேசத்துக்கு ஓட வேண்டிவந்தது. அதற்கு முன்பே தப்பி வந்த சில குடும்பங்கள் நம் கேளம்பாக்கத்திலேயே இருக்கின்றன. பழைய மகாபலிபுரம் சாலையில் தினமும் ஐ.டி. வேலைக்குப் போகிறவர்களில் எத்தனை பேருக்குத் தெரியும்?

ஈழத்துல நடந்தது இனப்படுகொலைதானே? நேரா பதில் சொல்லுங்க.

நேராகவே சொல்கிறேன். மேலே சொன்ன அறிகுறிகள் அத்தனையும் அங்கே வரிசையாக வந்தன: 1948-ல் மலையகத் தமிழரின் குடியுரிமை பறிப்பு, 1956-ல் சிங்களம் மட்டும் சட்டம், 1958 வன்முறை, 1981-ல் சுமார் 97,000 நூல்களோடு யாழ் நூலகம் எரிப்பு, 1983. ஒவ்வொன்றுக்கும் பிறகு தண்டனை இல்லை. 2009-ல் வன்னியில் 3,30,000 பேர் வரை சிக்கியிருந்தார்கள் என்று ஐ.நா. நிபுணர் குழு 2011-ல் எழுதியது. அரசு அந்த எண்ணிக்கையை மிகக் குறைத்துக் காட்டியது, அதனால் உணவும் மருந்தும் அதற்கேற்பக் குறைந்தன. பாதுகாப்பு வலயம் என்று அறிவித்த இடத்திலேயே குண்டுகள் விழுந்தன, மருத்துவமனைகள் தாக்கப்பட்டன. 40,000 பொதுமக்கள் வரை இறந்திருக்கலாம் என்றது அந்தக் குழு. புலிகள் மக்களை வெளியேற விடாமல் தடுத்ததையும், ஓடியவர்களைச் சுட்டதையும் அதே அறிக்கை பதிவு செய்திருக்கிறது.

சட்டப்படி நிலை என்ன? 2015-ல் ஐ.நா. மனித உரிமை அலுவலகத்தின் விசாரணை, போர்க்குற்றங்களும் மானுடத்துக்கு எதிரான குற்றங்களும் நடந்திருக்கக்கூடும் என்றது. இனப்படுகொலை என்ற முடிவுக்கு வரவில்லை. அதே ஆண்டு பிப்ரவரியில் வட மாகாண சபை இனப்படுகொலை என்றே தீர்மானம் போட்டது. 2022 மே மாதம் கனடா நாடாளுமன்றம் மே 18-ஐத் தமிழ் இனப்படுகொலை நினைவு நாளாக ஏற்றது. இலங்கை அரசு அடியோடு மறுக்கிறது. முதல் கேள்வியில் சொன்ன அந்த ‘நோக்கம்’ இருந்ததா என்று சாட்சியங்களை வைத்து விசாரித்த சர்வதேச நீதிமன்றம் இதுவரை ஒன்றுகூட இல்லை. இனப்படுகொலை என்றே நான் நினைக்கிறேன். ஆனால் என் நினைப்பும் மேடை முழக்கமும் தீர்ப்பு ஆகாது. சாட்சிகள் வயதாகி இறந்துகொண்டிருக்கிறார்கள், அவர்கள் வாக்குமூலத்தைப் பதிவு செய்வது முழக்கத்தைவிட அவசரம்.

நாம எப்பவும் பாதிக்கப்பட்ட பக்கம்தானே? நம்மாளுங்க இப்படிச் செய்வாங்களா?

1990 அக்டோபரில் விடுதலைப் புலிகள் வட மாகாணத்து முஸ்லிம்கள் அனைவரையும், சுமார் 75,000 பேரை, வெளியேற்றினார்கள். யாழ்ப்பாண நகரத்தில் கொடுத்த அவகாசம் இரண்டு மணி நேரம். நகை, பணம், வீட்டுப் பத்திரம் எல்லாம் வழியிலேயே பறிக்கப்பட்டன. தமிழ் பேசும் மக்களைத் தமிழ் பேசுபவர்களே விரட்டினார்கள். இதை இனச் சுத்திகரிப்பு என்பார்கள். இதைச் சொன்னால் வட்டத்தில் சிலர் முகம் சுளிக்கிறார்கள், ஆனாலும் சொல்லத்தான் வேண்டும்.

நம் மாநிலத்துக்கே வருவோம். 1968 டிசம்பர் 25, கீழ்வெண்மணி. கூலி உயர்வு கேட்ட தலித் தொழிலாளர் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர், பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளும், ஒரு குடிசைக்குள் வைத்து எரிக்கப்பட்டார்கள். உடன்படிக்கையில் சாதி என்ற சொல்லே இல்லை, ஆகவே இது சட்டப்படி அந்தப் பெயருக்குள் வராது. ஆனால் கார் வைத்திருக்கும் பெரிய நிலக்கிழார்கள் தாங்களே நடந்து போய்த் தீ வைத்திருப்பார்கள் என்று நம்ப முடியவில்லை என்ற போக்கில் சென்னை உயர் நீதிமன்றம் அவர்களை விடுவித்ததே, ‘நம்மை யாரும் கேட்க முடியாது’ என்ற தைரியம் எங்கிருந்து வருகிறது என்பதற்கு அதைவிட உதாரணம் வேண்டுமா?

ஐ.நா. சபை எதுக்கு இருக்கு? வேடிக்கை பார்க்கவா?

பல முறை அதைத்தான் செய்திருக்கிறது. ருவாண்டாவில் கொலை உச்சத்தில் இருந்தபோது, 1994 ஏப்ரல் 21 அன்று பாதுகாப்புச் சபை அங்கிருந்த படையை 270 பேராகக் குறைக்க முடிவெடுத்தது. சரேப்ரெனிட்சாவை ஐ.நா.வே பாதுகாப்புப் பகுதி என்று அறிவித்திருந்தது; நெதர்லாந்துப் படையினர் அங்கே இருந்தார்கள். வன்னியில் தன் நடத்தை அமைப்பு ரீதியான தோல்வி என்று 2012-ல் ஐ.நா.வின் உள் ஆய்வே ஒப்புக்கொண்டது.

ஐ.நா. என்பது தனி ஆள் அல்ல. ஐந்து வல்லரசுகளின் வீட்டோ அதன் கழுத்தில் இருக்கிறது. ஆனால் ஒரு சட்ட வாசல் 2007-ல் திறந்தது. போஸ்னியா தொடுத்த வழக்கில் சர்வதேச நீதிமன்றம், சரேப்ரெனிட்சாவில் செர்பியா இனப்படுகொலை செய்ததாகச் சொல்லவில்லை. தடுக்கத் தவறியது உடன்படிக்கையை மீறிய செயல் என்றது. ஆபத்து இருக்கிறது என்று தெரிந்த நொடியிலிருந்தே, தெரிந்திருக்க வேண்டிய நொடியிலிருந்தே, தடுக்கும் கடமை தொடங்குகிறது. ‘எங்களுக்குத் தெரியாதே’ என்ற சாக்கு அன்றோடு பலவீனப்பட்டது.

காசா பத்திச் சொல்லாம விட்டுட்டீங்களே?

2023 டிசம்பரில் தென்னாப்பிரிக்கா இஸ்ரேல் மீது வழக்குத் தொடுத்தது. 2024 ஜனவரி 26 அன்று சர்வதேச நீதிமன்றம், இனப்படுகொலைச் செயல்களைத் தடுக்கவும் உதவிப் பொருள் போகவிடவும் இஸ்ரேலுக்கு இடைக்கால உத்தரவு போட்டது. இடைக்கால உத்தரவு தீர்ப்பு அல்ல. 2025 செப்டம்பரில் ஐ.நா. விசாரணைக் குழு, காசாவில் இனப்படுகொலை நடந்திருக்கிறது என்ற முடிவுக்கு வந்தது. இஸ்ரேல் அதை நிராகரித்தது. தீர்ப்புக்குப் பத்து வருடம்கூட ஆகலாம். அதுவரை காத்திருக்க வேண்டியதில்லை என்பதுதான் மேலே சொன்ன 2007 தீர்ப்பின் சாரம்.

இந்தியாவுல இதுக்குத் தனிச் சட்டம் இருக்கா?

இல்லை. 1959-லேயே உடன்படிக்கையை உறுதி செய்தோம், ஆனால் அதற்கேற்ப உள்நாட்டில் சட்டம் போடவில்லை. புதிய குற்றவியல் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவிலும் இந்தக் குற்றம் கிடையாது. 1984 டெல்லி வழக்கொன்றில் 2018 டிசம்பர் 17 அன்று தீர்ப்பு எழுதிய டெல்லி உயர் நீதிமன்றம் இந்த ஓட்டையை வெளிப்படையாகச் சுட்டிக்காட்டி, அவசரமாக அடைக்கச் சொன்னது. அந்த அமர்வுக்குத் தலைமை வகித்த நீதிபதி முரளிதர் சென்னையில் வக்கீல் தொழிலைத் தொடங்கியவர். 34 வருடம் தாமதமாக வந்த தண்டனை அது.

தடுத்து நிறுத்தின கதை ஒண்ணாவது உண்டா?

உண்டு, ஆனால் நடக்காமல் போனது செய்தி ஆவதில்லை. 1943 அக்டோபரில் டென்மார்க் மக்கள் சுமார் 7,000 யூதர்களை மீன்பிடிப் படகுகளில் சுவீடனுக்குக் கடத்திக் காப்பாற்றினார்கள். கென்யாவில் 2007 டிசம்பர் தேர்தலுக்குப் பின் 1,000-க்கும் மேற்பட்டவர்கள் இறந்த நிலையில், ஐ.நா.வின் முன்னாள் பொதுச்செயலாளர் கோஃபி அன்னான் போய் உட்கார்ந்து, இரண்டு தரப்பையும் 2008 பிப்ரவரி 28 அன்று ஆட்சிப் பங்கீட்டு ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட வைத்தார்.

எனக்கு மறக்க முடியாதது ருவாண்டாவின் புட்டாரே மாகாணம். அதன் நிர்வாகத் தலைவர் ஜான் பாப்டிஸ்ட் ஹப்யாலிமானா, நாட்டிலேயே ஒரே டுட்சி மாகாணத் தலைவர். சுற்றிலும் எரிந்துகொண்டிருந்தபோது கிட்டத்தட்ட இரண்டு வாரம் அங்கே பெரிய அளவில் கொலை நடக்கவிடாமல் பார்த்துக்கொண்டார். அவரைப் பதவியிலிருந்து நீக்கிவிட்டு, ஏப்ரல் 19 அன்று இடைக்கால அதிபரே நேரில் வந்து பேசினார். அதன் பிறகு புட்டாரேவில் கொலை வெள்ளமாகப் பாய்ந்தது, அவரும் கொல்லப்பட்டார். மாவட்ட அளவில் ஒரே ஒரு அதிகாரி ‘முடியாது’ என்றால் எவ்வளவு நேரம் கிடைக்கும் என்பதற்கு இது அளவு. பழைய பகைதான் காரணம் என்பவர்கள் இந்த இரண்டு வாரத்தை எப்படி விளக்குவார்கள்?

பழசைக் கிளறினா பகைதானே வளரும்? மறந்துட்டுப் போனா என்ன?

மறக்கச் சொல்வது பெரும்பாலும் செய்தவர்கள் பக்கத்திலிருந்துதான் வரும். 1915 ஏப்ரல் 24 அன்று இஸ்தான்புல்லில் ஆர்மீனிய அறிவாளிகளைக் கைது செய்ததில் தொடங்கிய அழிப்பைத் துருக்கி அரசு இன்றும் இனப்படுகொலை என்று ஏற்கவில்லை. பாரிமுனை ஆர்மீனியன் தெருவில் உள்ள 1772-ஆம் ஆண்டுத் தேவாலயத்தைக் காட்டி, ‘அங்கிருந்து தப்பி வந்தவங்களா?’ என்று சிலர் கேட்கிறார்கள். இல்லை, இவர்கள் பாரசீகத்திலிருந்து வியாபாரத்துக்கு வந்தவர்கள்.

சென்னையில உட்கார்ந்துக்கிட்டு நான் என்ன சார் பண்ண முடியும்?

2023 மார்ச்சில் தமிழ்நாட்டில் பீகார் தொழிலாளர்களை வெட்டிக் கொல்கிறார்கள் என்று பொய் வீடியோக்கள் வட இந்தியா முழுக்கச் சுற்றின. பயந்த தொழிலாளர்கள் ஊருக்குக் கிளம்பினார்கள். காவல்துறைத் தலைவர் உடனே மறுப்பு வீடியோ வெளியிட்டார், பொய் பரப்பியவர்கள் மீது வழக்குகள் பாய்ந்தன, பீகாரிலிருந்து அதிகாரிகள் குழு நேரில் வந்து பார்த்துப் பொய் என்று உறுதி செய்தது. சில நாளில் அடங்கியது. இதே ஊரில் ‘வடக்கன்’ என்று மீம் போட்டுச் சிரிக்கிறவர்களும் இருக்கிறோம். ஆர்.டி.எல்.எம். பற்றிய பதிலில் அந்தச் சிரிப்பைப் பற்றிச் சொன்னதை இன்னொரு முறை படியுங்கள்.

செய்யக்கூடியது சின்னதுதான். குடும்ப வாட்ஸ்அப் குழுவில் ஒரு சமூகத்தையே பற்றி வதந்தி வந்தால், பார்த்துவிட்டு நகராமல், ‘இது எங்கே நடந்துச்சு, எப்போ?’ என்று ஒரு வரி கேளுங்கள். பெரியப்பா கோபித்துக்கொள்வார், பரவாயில்லை. வீடு வாடகைக்கு விடும்போது மதம், சாதி கேட்பதை உங்கள் அடுக்கக சங்கத்தில் எதிர்த்துப் பேசுங்கள்.

வெறுப்புப் பேச்சு வீடியோ கையில இருந்தா, போலீஸ்ல கொடுத்தா எடுத்துப்பாங்களா?

எடுக்க வேண்டும். மதம், இனம், சாதி, மொழி அடிப்படையில் பகையைத் தூண்டுவது பாரதிய நியாய சன்ஹிதா 196-வது பிரிவின் கீழ் குற்றம். பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 153ஏ பிரிவுதான் இது. புகார் வராவிட்டாலும் தாமாகவே வழக்குப் பதிய வேண்டும் என்று 2023 ஏப்ரல் 28 அன்று உச்ச நீதிமன்றம் எல்லா மாநிலங்களுக்கும் உத்தரவிட்டது.

வீடியோவை மறுபடி பகிராதீர்கள், அதுவே பரப்புவது ஆகிவிடும். இணைப்பு, தேதி, நேரம், பேசியவர், இடம் இவற்றைக் குறித்துக்கொண்டு, அழிக்கப்படுவதற்குள் ஒரு பிரதி எடுத்து வையுங்கள். எந்தக் காவல் நிலையத்திலும் கொடுக்கலாம், ‘எங்க எல்லை இல்லை’ என்று திருப்பி அனுப்பக் கூடாது. மின்னஞ்சலில் அனுப்பினால் மூன்று நாளுக்குள் போய்க் கையெழுத்துப் போட வேண்டும். நிலையத்தில் மறுத்தால் மேலதிகாரிக்கு எழுத்தில் அனுப்புங்கள், அங்கேயும் நடக்கவில்லை என்றால் மாஜிஸ்திரேட்டிடம் மனு போடலாம். ஒப்புகைச் சீட்டு வாங்காமல் மட்டும் எங்கிருந்தும் கிளம்பாதீர்கள்.